சொல்லுக்குச் சொல் தேர்ந்த மறைமலையடிகள்

நாகப்பட்டினத்தில் 1876ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 15ஆம் நாள் சொக்கநாத பிள்ளைக்கும் சின்னம்மையாருக்கும் தோன்றிய மகவுக்குப் பெற்றோர் இட்ட பெயர் வேதாசலம். திருக்கழுக்குன்றத்து இறைவனை வேண்டிப் பெற்ற பிள்ளையாதலின் அப்பெயர் அமைந்தது. தந்தையார் மறையவே பள்ளிப் படிப்பு இடையில் நின்றது. புத்தகக் கடை வைத்திருந்த நாராயணசாமிப் பிள்ளையிடம் தமிழ் பயின்று, 1898இல் சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் ஆசிரியரானார்.

அங்கே உடன் பணியாற்றிய சூரியநாராயண சாஸ்திரியார், தம் பெயரைப் பகுத்துச் சூரியனைப் பரிதியாகவும், நாராயணனை மாலாகவும், சாஸ்திரியைக் கலைஞராகவும் ஆக்கிப் பரிதிமாற்கலைஞர் எனப் புனைந்துகொண்டவர். அவர் 1903இல் மறைந்தார். அந்த வித்து முளைக்கப் பதின்மூன்று ஆண்டுகள் சென்றன.

1911இல் கல்லூரிப் பணி நீங்கிப் பல்லாவரத்தில் துறவியாய் வாழ்ந்த நம் அடிகள், 1916இல் ஒருநாள் தம் இல்லத் தோட்டத்தில் மகளார் நீலாம்பிகையுடன் உலவினார். வள்ளலாரின் பாடலொன்று பாடப்பெற்றது. அதில் தேகம் என வருமிடத்தில் யாக்கை என நின்றால் எத்துணை இனிமை என்றார் அடிகள். ஈண்டு நாம் சற்றே நின்று நோக்கல் வேண்டும். யாத்தல் என்பது கட்டுதல். எலும்பும் நரம்பும் தோலும் கொண்டு கட்டப்பட்டதென உடம்பின் இயல்பையே அச்சொல் காட்டிவிடுகிறது. அசை பிரித்துப் பார்ப்பின் ஓசையும் கெடவில்லை. இனித் தூய தமிழிலேயே பேசுவதென்றும் எழுதுவதென்றும் தந்தையும் மகளும் அன்றே உறுதி பூண்டனர்.

சுவாமி அடிகளாயிற்று, வேதம் மறையாயிற்று, அசலம் மலையாயிற்று. ஞானசாகரம் என்னும் இதழ் அறிவுக்கடலாயிற்று. சாகரம் கடலாவதில் இடர் ஒன்றுமில்லை. ஞானம் முழுவதும் அறிவு என்னும் சொல்லுள் அடங்குமா என்னும் ஐயம் எமக்கு உண்டு. சமரச சன்மார்க்க நிலையம் பொதுநிலைக் கழகமானபோதும், சமரசத்துக்கு ஈடு கிடைத்தது, சன்மார்க்கத்துக்குக் கிடைக்கவில்லை. ஒரு பொருட் சொற்கள் எனப்படுவன முற்றும் ஒரே எடையின அல்ல. அடிகள் இதனை அறியாதவரல்லர். வடமொழியில் ஆழ்ந்த புலமையுடையவர். காளிதாசரின் சாகுந்தலத்தைத் தமிழில் தந்தவர். முன்னர் வடசொல் விரவ எழுதிய தம் நூல்களையே மறுபதிப்பில் எடுத்துத் திருத்தினார். பிறர் எழுத்தைத் திருத்துதல் எளிது. பாராட்டுப் பெற்ற தன் நடையைத் தானே அழித்தெழுத எத்துணை நெஞ்சுரம் வேண்டும்!

மகளார் வடசொற்களுக்கு நேரான தமிழ்ச்சொற்களைத் தொகுத்து அகரவரிசை ஒன்று ஆக்கினார். தம் பெயரை மட்டும் அவர் நீலாம்பிகை என்றே வைத்துக்கொண்டார்!

நம் சங்கத்து அழைப்பிதழைப் பாருங்கள். அக்கிராசனர் இல்லை, தலைவர் இருக்கிறார். பிரசங்கம் இல்லை, சொற்பொழிவு இருக்கிறது. தமிழகத்துக்கு அப்பால் வாழும் நாமும் எவரும் ஏவாமலே இச்சொற்களை எழுதுகிறோம்.

அடிகள் 1950ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் 15ஆம் நாள் மறைந்தார். அவர் அரும்பாடுபட்டுத் தொகுத்த நூல்கள் பின்னர்ச் சென்னையில் அவர் பெயரால் அமைந்த நூலகத்தைச் சேர்ந்தன.