தேதி மாறலாம்... கிழமை மாறாது! 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' டோல்கீன் கற்பனை உலகுக்குக் காலண்டர் போட்ட கதை

புது காலண்டர் கைக்கு வந்ததும் முதலில் எதைப் பார்ப்போம்? பிறந்தநாள் எந்தக் கிழமையில் வருது, லீவு நாள் ஏதாவது ஞாயிற்றுக்கிழமையில் விழுந்து வீணாகுதா என்றுதானே? இந்தக் கவலையே இல்லாத ஓர் ஊர் உண்டு. அங்கே செப்டம்பர் 22 என்றால் எந்த வருஷமாக இருந்தாலும் வியாழக்கிழமைதான். ஒரே சிக்கல், அந்த ஊர் ஒரு நாவலுக்குள் இருக்கிறது.

ஊரின் பெயர் ஷயர். 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' கதையில் ஹாபிட்கள் வாழும் இடம். அதை உருவாக்கியவர் ஜே.ஆர்.ஆர்.டோல்கீன். ஒரு கற்பனைக் கதைக்கு இவ்வளவு கச்சிதமான காலண்டர் எதற்கு?

யார் இந்த டோல்கீன்?

1892 ஜனவரி 3-ம் தேதி, இன்றைய தென்னாப்பிரிக்காவின் புளூம்ஃபான்டீன் நகரில் பிறந்தார். மூன்று வயதில் அம்மா, தம்பியுடன் இங்கிலாந்து வந்தார். அடுத்த வருஷமே, அங்கேயே தங்கிவிட்ட அப்பா இறந்துபோனார். 1904-ல் அம்மாவையும் நீரிழிவு நோய் கொண்டுபோனது. இன்சுலின் கண்டுபிடிக்கப்படாத காலம் அது. அப்போது டோல்கீனுக்கு வயது 12.

1916 மார்ச்சில் காதலி ஈடித்தைத் திருமணம் செய்தார். ஜூன் மாதம் முதல் உலகப் போருக்காக பிரான்ஸுக்குக் கப்பல் ஏறினார். சோம் போர்க்களத்தில் பதுங்குகுழிக் காய்ச்சல் வந்து ஊர் திரும்பினார். பள்ளி நாட்களிலிருந்து கூடவே இருந்த நெருங்கிய நண்பர்களில் இருவர் அந்த வருஷமே போரில் இறந்தனர். உடல் தேறிவந்த மாதங்களில்தான் தன் கற்பனை உலகின் முதல் கதைகளை எழுதத் தொடங்கினார்.

தொலைந்துபோன மாதங்கள்

போர் முடிந்ததும் அவருக்குக் கிடைத்த வேலை, ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதியில் சொற்களின் வரலாற்றைத் தேடுவது. 1925-ல் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் பழைய ஆங்கிலப் பேராசிரியரானார். ஷயர் காலண்டரின் வேர் இங்கேதான் இருக்கிறது.

ஜனவரி, பிப்ரவரி என்பதெல்லாம் ரோமானியர்களிடமிருந்து வந்த பெயர்கள். அதற்கு முன்பு ஆங்கிலேயர்களுக்கு சொந்தமாக மாதப் பெயர்கள் இருந்தன. பீட் என்ற துறவி 725-ல் லத்தீனில் எழுதிய நூலில் அவற்றைக் குறித்து வைத்ததால்தான் இன்று நமக்குத் தெரிகிறது. ஒரு நாளைக்கு மூன்று வேளை மாடு கறந்த மாதம் ஒன்று. களை மண்டும் மாதம் ஒன்று. கால்நடைகளைப் பலி கொடுத்த மாதம் ஒன்று. அந்த மக்களின் ஒரு வருஷ வாழ்க்கையே அந்தப் பெயர்களில் அடங்கியிருந்தது.

பேச்சிலிருந்து மறைந்துவிட்ட அந்தப் பெயர்களைத்தான் டோல்கீன் கொஞ்சம் தேய்ந்த உருவத்தில் ஹாபிட்களுக்குக் கொடுத்தார். மே மாதம் அங்கே த்ரிமிட்ஜ், ஆகஸ்ட் வெட்மத், நவம்பர் பிளாட்மத். கதை நடக்கும்போது மட்டும், வாசகர் குழம்பக் கூடாது என்று மார்ச், செப்டம்பர் என நமக்குத் தெரிந்த பெயர்களையே பயன்படுத்தினார்.

காலண்டர் எப்படி வேலை செய்கிறது?

கணக்கு ரொம்ப சிம்பிள். 12 மாதங்கள், ஒவ்வொன்றுக்கும் 30 நாட்கள். மொத்தம் 360. மீதி ஐந்து நாட்கள் எந்த மாதத்திலும் சேராது. வருஷத்தின் முதல் நாளும் கடைசி நாளும் 'யூல்' நாட்கள். நடுவில், ஜூனுக்கும் ஜூலைக்கும் இடையே மூன்று விடுமுறை நாட்கள். லீப் வருஷத்தில் அங்கேயே இன்னொரு நாள் கூடும்.

இப்போதுதான் தந்திரம். நடு வருஷ நாளுக்கும் லீப் நாளுக்கும் கிழமையே கிடையாது. அவற்றை விட்டுவிட்டால் மிச்சம் 364 நாட்கள், அதாவது மிகச் சரியாக 52 வாரங்கள். அதனால் ஒவ்வொரு வருஷமும் சனிக்கிழமை தொடங்கி வெள்ளிக்கிழமை முடியும். ஒரே காலண்டரை ஆயுளுக்கும் மாட்டிவைக்கலாம்!

இந்தக் கணக்கில் எந்த மாதமும் வெள்ளிக்கிழமை பிறக்காது. ஆகவே வெள்ளிக்கிழமை ஒண்ணாம் தேதி என்றால் ஹாபிட்களிடையே கிண்டல். கடனை பிப்ரவரி 30-ம் தேதி திருப்பித் தர்றேன் என்று நாம் சொல்வோமே, அதே மாதிரி. ஒரு காலண்டர் உண்மையாகப் புழக்கத்தில் இருந்தால் அதை வைத்து ஜோக்கும் பிறந்திருக்கும் இல்லையா? அதுவரை யோசித்திருக்கிறார் மனிதர்.

நிலா செய்த தொல்லை

1944-ல் கதையை எழுதிக்கொண்டிருந்தபோது ஒரு தப்பு கண்ணில் பட்டது. கதாபாத்திரங்கள் வெவ்வேறு திசைகளில் பயணிக்கிறார்கள். ஓரிடத்தில் நிலா உதிக்கும் அதே நேரத்தில் இன்னோரிடத்தில் மறைகிறது. பெரும்பாலான வாசகர்கள் கவனித்திருக்கவே மாட்டார்கள். ஆனாலும் ஒரு மதியம் முழுக்க உட்கார்ந்து பழைய அத்தியாயங்களைத் திருத்தினார். விமானப்படைப் பயிற்சியில் இருந்த மகன் கிறிஸ்டோஃபருக்கு அதைக் கடிதத்திலும் எழுதினார்.

தேதிகளையும் சும்மா போடவில்லை. மோதிரம் அழியும் நாள் மார்ச் 25. 1752-ல் காலண்டர் மாறும்வரை இங்கிலாந்தில் சட்டப்படி புத்தாண்டு தொடங்கிய நாள் அது. கதையிலும் கோண்டோர் நாட்டில் அதுவே புத்தாண்டு ஆகிறது.

கொடுத்த விலை

இந்தத் துல்லியத்துக்கு விலையும் இருந்தது. 1954 நவம்பரில் வெளிவந்த இரண்டாம் பாகம், கதாநாயகன் ஃப்ரோடோ எதிரிகளிடம் சிக்குவதோடு முடிந்தது. மூன்றாம் பாகம் 1955 அக்டோபர் 20-ம் தேதிதான் வந்தது. தாமதத்துக்கு முக்கியக் காரணம், கடைசியில் சேர்க்க வேண்டிய பின்னிணைப்புகளை அவரால் முடிக்க முடியாததுதான். காலண்டர் விளக்கம் அவற்றில் ஒன்று.

இதைவிடப் பெரிய இழப்பும் உண்டு. போர்க் காலத்தில் தொடங்கிய அந்தப் பழைய கதைகளை ஆயுள் முழுக்கத் திருத்திக்கொண்டே இருந்தார். முடிக்கவில்லை. 1973 செப்டம்பர் 2-ம் தேதி, 81 வயதில் இறந்தார். நிலா கணக்குக் கடிதம் போன அதே கிறிஸ்டோஃபர்தான் காகிதங்களைத் தொகுத்து, 1977-ல் 'தி சில்மரிலியன்' நூலாகக் கொண்டுவந்தார்.

டோல்கீன் ரசிகர்கள் 2003 முதல் ஆண்டுதோறும் அவர் நூல்களை வாசித்துக் கொண்டாடும் நாள் எது தெரியுமா? மார்ச் 25. ஷயர் கணக்கில் அது எப்போதும் ஞாயிற்றுக்கிழமை. நம் காலண்டரில்தான் ஒவ்வொரு வருஷமும் தேட வேண்டியிருக்கிறது.