துன் ரசாக்: பிரிட்டன் படை கிளம்பியபோது என்ன செய்தார்?

சுதந்திர மலாயாவின் முதல் தற்காப்பு அமைச்சர் துன் அப்துல் ரசாக். பழமைவாதக் கூட்டணி அரசு 1957-ல் செய்த ஒப்பந்தப்படி, யாராவது தாக்கினால் பிரிட்டன் உதவிக்கு வரணும். அந்த நம்பிக்கையில் ரசாக், கிராம மேம்பாட்டையும் கூடவே கவனித்தார்.

1968-ல் பிரிட்டன் கைவிரித்தது: 1971-க்குள் படைகள் கிளம்பிடும். 1970-ல் பிரதமரான ரசாக் பாதையை மாற்றினார். 1971-ன் ஐந்து நாட்டுத் தற்காப்பு ஏற்பாட்டில், தாக்குதல் நடந்தால் கலந்து பேசுவது மட்டும்தான் கடமை. அது போதாதே? 1974-ல் சீனாவுடன் உறவைத் தொடங்கினார்.

சொந்த நிபுணர்களும் வேணும். 1970-ல் பிரிக்ஃபீல்ட்ஸ் பக்கத்து லெம்பா பந்தாயில் தேசியப் பல்கலைக்கழகம் திறந்தது. 1975-ல் தேசிய அறிவியல் ஆராய்ச்சி மன்றம் அமைந்தது.

1976 ஜனவரியில், மக்களுக்குச் சொல்லாமல் வைத்திருந்த ரத்தப் புற்றுநோயால் லண்டனில் இறந்தார். வயது 53. ஐந்து நாட்டு ஏற்பாடு இன்னும் நடப்பில் இருக்கு.