ராஜா சாண்டோ

பி. கே. ராஜா சாண்டோ (இயற்பெயர்: பி. கே. நாகலிங்கம், இறப்பு: நவம்பர் 25, 1943) மௌனப் படக் காலத்தின் முன்னணி நடிகர்களுள் ஒருவரும் தமிழ்த் திரைப்பட இயக்குநரும் ஆவார். உடல் வலிமையால் திரைப்படத்துறையில் நுழைந்த இவர், பின்னர் சமூகக் கதைகளைப் படமாக்கிய தமிழ் இயக்குநர்களுள் முன்னோடியாகக் கருதப்படுகிறார்.

இளமை

சித்தன்னவாசல் ஓவியங்களால் அறியப்படும் புதுக்கோட்டைப் பகுதி, அக்காலத்தில் தொண்டைமான் மன்னர்கள் ஆண்ட சமஸ்தானமாக இருந்தது. புதுக்கோட்டையில் பிறந்த நாகலிங்கம் உடற்பயிற்சிக் கலையில் தேர்ச்சி பெற்றார். இலண்டனில் வாழ்ந்த பயில்வான் இயூஜின் சாண்டோ 1904-05 இல் இந்தியாவில் சுற்றுப்பயணம் செய்தவர். அவரது பெயர் இந்தியப் பயில்வான்கள் சூடும் பட்டமாகவும் வழங்கியது. நாகலிங்கமும் அப்பெயராலேயே புகழ் பெற்றார்.

மௌனப் படங்களில்

மௌனப் படங்களில் சண்டையும் துரத்தலும் மொழி கடந்து விளங்கின. திருடனைக் காவலர்கள் துரத்திப் பிடிக்கும் கதையை இங்கிலாந்தின் செஃபீல்டு நகரில் பிராங்க் மோட்டர்ஷா 1903 இலேயே படமாக்கியிருந்தார். உரையாடல் இல்லாததால் நடிகரின் தாய்மொழி தடையாகவில்லை. பம்பாய் சென்ற ராஜா சாண்டோ, எஸ். என். பதங்கரின் நேஷனல் பிலிம் நிறுவனத்தின் படங்களில் சாகச நடிகராகத் தொடங்கிக் கதாநாயகராக உயர்ந்தார். சந்துலால் ஷா இயக்கிய டைப்பிஸ்ட் கேர்ள் (1926), குணசுந்தரி (1927) ஆகியவற்றில் கோஹருடன் நடித்தார்.

பின்னர் சென்னையில் ஆர். பத்மநாபனின் அசோசியேட்டட் பிலிம்ஸ் நிறுவனத்துக்காகப் பேயும் பெண்ணும் (1930), அனாதைப் பெண் (1931) முதலிய மௌனப் படங்களை இயக்கினார்.

பேசும் படங்களில்

துப்பறியும் புதினங்களால் புகழ்பெற்ற இரு எழுத்தாளர்களின் கதைகளை இவர் படமாக்கினார். அவை வடுவூர் துரைசாமி ஐயங்காரின் மேனகா (1935), ஜே. ஆர். ரங்கராஜுவின் சந்திரகாந்தா (1936) ஆகியன. மேனகாவில் என். எஸ். கிருஷ்ணன் நடித்தார். சந்திரகாந்தா, புதுக்கோட்டையைச் சேர்ந்த பி. யு. சின்னப்பாவின் முதல் படமாகும். திருநீலகண்டர் (1939), ஆராய்ச்சிமணி (1942) ஆகியவையும் இவர் இயக்கியவை. சிவகவி (1943) படத்தை இயக்கத் தொடங்கி இடையில் விலகினார்.

மறைவு

ராஜா சாண்டோ 1943 இல் கோயம்புத்தூரில் காலமானார். தமிழ்நாடு அரசின் திரைப்பட விருதுகளில் இவர் பெயரால் அமைந்த விருதும் ஒன்று. எனினும் சென்னையில் இவர் இயக்கிய மௌனப் படங்களின் சுருள்கள் அழிந்துபோயின. அக்காலத்துத் தென்னிந்திய மௌனப் படங்களுள் மார்த்தாண்ட வர்மா (1933) போன்ற மிகச் சிலவே எஞ்சியுள்ளன. ஆகையால் இவரது மௌனப் படப் பணிகளைப் பெரும்பாலும் எழுத்துப் பதிவுகள் வழியாகவே அறிய முடிகிறது.