கதவடைக்கப்பட்ட கலைஞர்

ஒரு மளிகைக் கடை முதலாளி மனம் வைத்தார். ஒரு மாபெரும் கலைஞரின் பிழைப்பில் மண் விழுந்தது! நம்ப முடிகிறதா, தோழர்களே? நடந்த இடம் ஏதோ இருண்ட நாடு அல்ல. சுதந்திரத்துக்குச் சிலை நிறுத்திய அமெரிக்கா. அந்தக் கலைஞர் மார்ட்டின் ரிட்.

1914-ல் நியூயார்க் நகரில், பிழைப்புத் தேடிக் கப்பலேறி வந்த யூதக் குடும்பத்தில் பிறந்தவர். வேலையற்றோர் வீதியெங்கும் நின்ற 1930-களில் குரூப் தியேட்டர் என்னும் நாடகக் குழுவில் சேர்ந்தார். போர் முடிந்ததும் டெலிவிஷன் வந்தது. பதிவு செய்து, வெட்டி, ஒட்டிக் காட்டும் வசதி அன்று ஏது? நாடகம் நடக்கும்போதே வீட்டுக்கு வீடு தெரியும். நடிகனின் நாக்குப் பிறழ்ந்தால் நாடே பார்க்கும்! அந்தக் கத்திமுனையில் ரிட் நடித்தார், இயக்கினார், பெயரும் பெற்றார்.

பொறுக்குமா? கம்யூனிஸ்டு வேட்டைக்கென்றே நடந்த ஓர் ஏடு அவர்மீது பாய்ந்தது. கடைச் சிப்பந்திகளின் சங்கம் ஆண்டுதோறும் நடத்தும் கலை நிகழ்ச்சிக்கு உதவினாராம். குற்றம் அதுதான்! சிரக்யூஸ் நகரத்து மளிகை முதலாளியோ, செஞ்சீனத்துக்குப் பணம் கொடுத்தார் என்று கொளுத்திப் போட்டார். இத்தகையோரை வைத்து நிகழ்ச்சி நடத்தினால் உங்கள் சரக்கு என் கடையில் விலைபோகாது என்று விளம்பரக் கம்பெனிகளை மிரட்டுவது அந்த முதலாளியின் வாடிக்கை. கம்பெனிகள் நடுங்கின. விசாரணை இல்லை, சாட்சி இல்லை. தீர்ப்பு மட்டும் உண்டு! 1951-ல் மூடிய கதவு ஐந்தாண்டுகள் திறக்கவில்லை. நடிப்புப் பள்ளியில் பாடம் சொன்னார். குதிரைப் பந்தயத்தில் பணம் கட்டியும் குடும்பம் நடத்தினார். (பந்தயத்துக்கு நாம் வக்காலத்து வாங்கவில்லை!)

1957-ல் முதல் படம். டெலிவிஷனில் முன்பே வந்த நாடகம்தான். நியூயார்க்கில் மூட்டை சுமக்கும் வெள்ளைத் தொழிலாளிக்கும் நீக்ரோ தொழிலாளிக்கும் இடையே மலரும் நட்பு. சிட்னி பாய்ட்டியர் நடித்தார். அதன் பிறகு வேலைக்குப் பஞ்சமில்லை. உளவாளி கதையா? எடுத்தார். கௌபாய் கதையா? எடுத்தார். 1963-ல் வந்த 'ஹட்' படத்துக்கு 3 ஆஸ்கார் பரிசுகள், இயக்கியவருக்கு ஒன்றுமில்லை. அந்தப் படத்தின் நாயகன் ஈவிரக்கமற்ற சுயநலக்காரன். மக்கள் அவனை வெறுப்பார்கள் என்று ரிட் எண்ணினார். இளைஞர்களோ அவனையே கொண்டாடினார்கள்! கலைஞனின் கணக்கும் சில நேரம் தப்புகிறது.

1970-ல் 'மோலி மகுவையர்ஸ்'. 1870-களில் பென்சில்வேனியா நிலக்கரிச் சுரங்கங்களில் வதைபட்ட அயர்லாந்துத் தொழிலாளர்கள், அவர்களுக்குள் நுழைந்த ஒற்றன். பத்து நிமிடத்துக்கு மேல் வசனமே இல்லாமல் தொடங்குகிறது படம். மண்ணுக்கடியில் உழைப்பவனுக்குப் பேச மூச்சு ஏது? படம் பெருநஷ்டம். ஆனால் படப்பிடிப்பு நடந்த எக்லி என்ற சுரங்கக் கிராமம் அழியாமல் தப்பி, அருங்காட்சியகமாயிற்று.

1976-ல் தம்மை வதைத்த கறுப்புப் பட்டியலையே 'தி ஃப்ரண்ட்' என்று படமாக்கினார். எழுதியவரும் பட்டியலில் இருந்தவர். நடிகர்கள் சிலரும் அப்படியே. படத்தின் இறுதியில் அவரவர் பெயரோடு, கதவடைக்கப்பட்ட ஆண்டையும் திரையில் பொறித்தார். வசைமொழி ஒன்றில்லை, வெறும் ஆண்டுகள்!

1979-ல் 'நார்மா ரே'. வட கரோலினாவின் பஞ்சாலையில் 1973-ல் வேலை பறிக்கப்பட்ட கிரிஸ்டல் லீ என்ற பெண், அட்டையில் 'யூனியன்' என்று எழுதி, மேசைமீது ஏறி நின்றார். எந்திரங்கள் ஒவ்வொன்றாய் நின்றன. அந்த வரலாறுதான் படம். 1974-ல் தொழிலாளர்கள் வாக்களித்துச் சங்கத்தை ஏற்றும், கம்பெனி ஒப்பந்தத்துக்கு இணங்காமல் இழுத்தடித்தது. படம் ஊரெங்கும் ஓடியது. நடித்த சாலி ஃபீல்டுக்கு ஆஸ்கார் கிடைத்தது. 1980-ல் கம்பெனி கையெழுத்திட்டது.

எழுத்தறியாத ஒரு சமையற்காரர் எழுத்துக் கற்கும் கதைதான் ரிட்டின் கடைசிப் படம், சுமாரான படம். அது வெளிவந்த 1990-ஆம் ஆண்டிலேயே, டிசம்பர் 8-ல், அவர் கண்மூடினார்.