அயர்லாந்தில் பாம்புகள் ஏன் இல்லை? விரட்டியதாகச் சொல்லப்படும் பேட்ரிக் யார்?

மார்ச் 17-ஐ ஒட்டி டப்ளின், நியூயார்க், சிகாகோ என அயர்லாந்துக்காரர்கள் வாழும் ஊரெல்லாம் பச்சை நிறமாகிவிடும். சிகாகோவில் ஆற்றுத் தண்ணீரையே பச்சையாக்கிவிடுகிறார்கள். எல்லாம் புனித பேட்ரிக் பெயரால்தான். அவருடைய சிலைகளில் ஒரு கையில் ஆயரின் கோல் இருக்கும். பலவற்றில் காலடியில் ஒரு பாம்பு நெளியும். மலை உச்சியில் 40 நாள் நோன்பிருந்து, அயர்லாந்தின் பாம்புகள் அத்தனையையும் கடலுக்குள் துரத்தினார் என்பது கதை.

அயர்லாந்தில் இயற்கையாக வாழும் பாம்பு இனம் ஒன்றுகூட இல்லை என்பது உண்மை. ஆனால் அதற்கும் பேட்ரிக்குக்கும் சம்பந்தமே இல்லை. அவர் கைப்பட எழுதியவை என ஆய்வாளர்கள் ஏற்கும் லத்தீன் எழுத்துகள் இரண்டு உண்டு. தன் வாழ்க்கையைச் சொல்லும் அறிக்கை ஒன்று, கோபத்தில் எழுதிய கடிதம் ஒன்று. இரண்டிலும் பாம்பு வரவே இல்லை. போப்பும் வரவில்லை. வருவது அடிமைத்தனம்.

16 வயதில் அடிமை

பேட்ரிக் அயர்லாந்துக்காரர் அல்ல. ரோமானியர் ஆட்சி முடிந்துகொண்டிருந்த பிரிட்டனில், வசதியான கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர். அப்பா கல்போர்னியஸ் திருத்தொண்டர், தாத்தா பொத்தித்துஸ் பாதிரியார். (பாதிரியார்கள் மணமுடிப்பது அன்றைக்குப் புதிதல்ல.) பையனுக்கு மட்டும் கடவுள் விஷயத்தில் பெரிய அக்கறை கிடையாது. அதை அவரே பின்னாளில் ஒத்துக்கொள்கிறார்.

16 வயதை நெருங்கும்போது அயர்லாந்துக் கொள்ளையர்கள் அவர்களுடைய பண்ணையில் இறங்கினார்கள். ஆயிரக்கணக்கானவர்களோடு அவரையும் பிடித்துக் கொண்டுபோய் விற்றார்கள். அந்தத் தாக்குதலில் அப்பாவின் வீட்டு வேலைக்காரர்களும் வேலைக்காரிகளும்கூட நாசமானார்கள். அதாவது, அடிமைகளை வைத்திருந்த வீட்டுப் பிள்ளைதான் அடிமையாகிப் போனார். அவருடைய கதையில் பலரும் கவனிக்காமல் தாண்டிப்போகும் இடம் இது.

ஆறு வருஷம் ஆடுமாடு மேய்த்தார். வடக்கே ஆன்ட்ரிம் பகுதியில் உள்ள ஸ்லெமிஷ் மலைதான் அந்த இடம் என்று மக்கள் சொல்கிறார்கள். பனியிலும் மழையிலும் விடியுமுன் எழுந்து ஜெபிப்பார். பகலில் நூறு முறை, இரவில் ஏறக்குறைய அதே அளவு. பக்தி வந்தது அங்கேதான்.

ஒருநாள் கனவில் ஒரு குரல், கப்பல் தயாராக இருக்கிறது என்றது. கப்பல் நின்றதோ ஏறக்குறைய 200 மைல் தள்ளி, முன்பின் தெரியாத இடத்தில். நடந்தார். கப்பல்காரர் முதலில் முடியாது என்று விரட்டிவிட்டு, பிறகு மனம் மாறிக் கூப்பிட்டு ஏற்றிக்கொண்டார். மூன்று நாள் கடல் பயணம், அதன்பின் ஆளில்லாத காட்டு வழியில் பட்டினியோடு 28 நாள் நடை. சில வருஷங்களில் பெற்றோரிடம் வந்து சேர்ந்தார். இனி எங்கேயும் போகாதே என்று வீட்டில் கெஞ்சினார்கள்.

ஆனாலும் போனார். மறுபடியும் ஒரு கனவு. இந்த முறை அயர்லாந்தின் மேற்குக் கடலோரக் காட்டுப் பகுதி மக்கள் தன்னைத் திரும்பி வரச்சொல்லி அழைப்பதாகக் கண்டார். தன்னை அடிமையாக வைத்திருந்த நாட்டுக்கே ஆயராகத் திரும்பினார்.

போப் அனுப்பியது வேறு ஒருவரை

பேட்ரிக்கை அயர்லாந்துக்கு அனுப்பியது போப் என்றுதான் பிற்காலக் கதைகள் பல சொல்கின்றன. ஆனால் அந்தக் காலத்திலேயே எழுதப்பட்ட பிராஸ்பரின் குறிப்பேடு வேறு பெயரைச் சொல்கிறது. 431-ம் ஆண்டு போப் முதலாம் செலஸ்டின், பல்லேடியஸ் என்பவரை ஆயராக்கி, அயர்லாந்தில் ஏற்கெனவே இருந்த கிறிஸ்தவர்களிடம் அனுப்பினார். அவர்தான் அங்கே முதல் ஆயர். அடுத்த ஆண்டான 432-ல் பேட்ரிக் வந்தார் என்பது பிற்கால மரபு. பல்லேடியஸின் காலத்தைச் சட்டென்று முடித்துவிட்டு பேட்ரிக்கை மேடையேற்ற அந்தத் தேதி வசதியாக இருந்தது.

7-ம் நூற்றாண்டின் பிற்பகுதியில் மூர்ஹூ என்ற துறவி எழுதிய வரலாற்றில் பல்லேடியஸ் வேலை கூடிவராமல் திரும்புகிறார், வழியில் பிரிட்டனில் இறந்துபோகிறார். சில வரிகளில் ஆள் காலி! பல்லேடியஸ் செய்தவையும் பேட்ரிக் கணக்கில் சேர்ந்துவிட்டன என்று 20-ம் நூற்றாண்டில் சில அறிஞர்கள் வாதாடினார்கள். அந்தச் சண்டை இன்னும் ஓய்ந்தபாடில்லை.

பெயரில் ஒரு வேடிக்கையும் உண்டு. 632 வாக்கில், ஈஸ்டர் தேதி பற்றிய தகராறில் கம்மியன் என்ற அயர்லாந்துத் துறவி எழுதிய கடிதம் பேட்ரிக்கைப் பாப்பா என்ற லத்தீன் சொல்லால் குறிப்பிடுகிறது. போப், பாப்பரசர் என்று நாம் சொல்வதெல்லாம் இதே சொல்லிலிருந்து வந்தவைதான். அப்பா என்ற அர்த்தத்தில் மதிப்புக்குரிய எந்த ஆயரையும் அன்றைக்கு அப்படி அழைக்கலாம். ரோமின் ஆயருக்கு மட்டுமே அந்தப் பட்டம் உரியது என்பது 11-ம் நூற்றாண்டில், போப் ஏழாம் கிரகோரி காலத்தில்தான் உறுதியானது.

புனிதர் பட்டமும் அப்படித்தான். போப் முறைப்படி ஒருவரைப் புனிதராக அறிவித்ததற்குக் கிடைக்கும் முதல் தெளிவான சான்று 993-ம் ஆண்டைச் சேர்ந்தது. பேட்ரிக் அதற்கு ஐந்து நூற்றாண்டு முந்தையவர். எந்தப் போப்பும் அவருக்கு அந்தப் பட்டத்தை அறிவிக்கவில்லை, மக்களே கொடுத்துக்கொண்டார்கள்.

சரி, பாம்புகள் எங்கே போச்சு?

எங்கேயும் போகவில்லை, வரவே இல்லை. 20,000 ஆண்டுகளுக்கு முன்பு அயர்லாந்தின் பெரும்பகுதி பனிப்பாளத்துக்கு அடியில் கிடந்தது. தன் உடம்பைத் தானே சூடாக்கிக்கொள்ள முடியாத பாம்புக்கு அங்கே வாழ வழியில்லை. பனி உருகியபோது தெற்கிலிருந்து விலங்குகள் மெல்ல வடக்கே நகர்ந்தன. பிரிட்டன் சுமார் 8,000 ஆண்டுகளுக்கு முன்பு வரை ஐரோப்பாவோடு நிலத்தால் ஒட்டியிருந்தது. அதனால் மூன்று இனங்கள் அங்கே போய்ச் சேர்ந்துவிட்டன: ஆடர் என்ற விரியன், புல் பாம்பு, வழவழப்பான செதில் கொண்ட இன்னொரு சிறு பாம்பு. அயர்லாந்தை அதற்கு முன்பே கடல் சூழ்ந்துவிட்டது.

குளிர்தான் காரணம் என்று இன்றைக்குச் சொல்ல முடியாது. ஆடர் விரியன் ஸ்காட்லாந்திலும் இருக்கிறது, ஸ்காண்டிநேவியாவில் ஆர்க்டிக் வட்டத்தைத் தாண்டியும் இருக்கிறது. முட்டையை வெளியில் இடாமல் வயிற்றுக்குள்ளேயே வைத்துக் குட்டியாக ஈனுவதால் குளிர் மண் அதற்குப் பெரிய தடை இல்லை. ஸ்காட்லாந்துக்கும் அயர்லாந்துக்கும் நடுவே மிகக் குறுகிய இடத்தில் கடல் 20 கிலோமீட்டர் அளவுதான். அந்த 20 கிலோமீட்டர்தான் விஷயமே. அயர்லாந்தின் தரையில் இயற்கையாக வாழும் ஊர்வன என்று பார்த்தால் குட்டி போடும் ஒரு சிறு பல்லியினம் மட்டுமே உண்டு. மேற்கே பர்ரன் பகுதியில் பாம்பு போல நெளியும் ஒன்றைப் பார்த்துச் சிலர் பயப்படுவார்கள். அது காலில்லாத பல்லி, அதுவும் 20-ம் நூற்றாண்டில் யாரோ கொண்டுவந்து விட்டது.

அயர்லாந்தில் பாம்பு இல்லை என்ற செய்தி பேட்ரிக்குக்கு முன்பே ரோமானியர்களுக்குத் தெரியும். 3-ம் நூற்றாண்டின் சோலினஸ் எழுதிவைத்திருக்கிறார். 731-ல் பீட் என்ற ஆங்கிலேயத் துறவியும் எழுதினார். கப்பலில் கொண்டுபோனால்கூட அந்த நாட்டுக் காற்று பட்டதும் பாம்பு செத்துவிடும் என்று நம்பிய அவர், பெருமையை மண்ணுக்குக் கொடுத்தாரே தவிர பேட்ரிக்குக்குக் கொடுக்கவில்லை.

7-ம் நூற்றாண்டுக் கதையில் மேயோ மாவட்டத்தில் உள்ள 764 மீட்டர் உயர மலையில் பேட்ரிக் 40 நாள் நோன்பிருக்கும்போது தொல்லை தருபவை பறவைகள். இன்றும் ஜூலை கடைசி ஞாயிறு மக்கள் ஏறும் குரோ பேட்ரிக் மலை அதுதான். 12-ம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஜோசலின் என்ற துறவி எழுதிய வரலாற்றில் பாம்புகள் துரத்தப்படும் கதை விரிவாக வருகிறது. அதே காலத்தில் அயர்லாந்துக்குப் போய்வந்த வேல்ஸ் நாட்டு ஜெரால்டு அந்தக் கதையைக் கேட்டுவிட்டு, பாம்பு அங்கே எப்போதுமே இருந்ததில்லை என்பதுதான் பொருத்தம் என்று எழுதினார். அவ்வளவு விவரமான அதே ஜெரால்டின் நூலில்தான் இன்னொரு சர்ச்சைக்குரிய ஆவணமும் இருக்கிறது. போப் பதவிக்கு வந்த ஒரே ஆங்கிலேயரான நான்காம் அட்ரியன், அயர்லாந்துக்குள் நுழைய இங்கிலாந்து மன்னர் இரண்டாம் ஹென்றிக்கு அனுமதி கொடுத்ததாகச் சொல்லும் கடிதம் அது. 1155-ம் ஆண்டைச் சேர்ந்தது என்பார்கள். அந்த வாசகம் அசல்தானா என்ற சந்தேகம் இன்றும் உண்டு. 1171-ல் ஹென்றி படையோடு இறங்கியது மட்டும் சந்தேகமில்லாத உண்மை.

கோபத்தில் எழுதிய கடிதம்

பேட்ரிக்கின் வாழ்க்கையில் உண்மையிலேயே விஷம் கக்கிய நிகழ்வு ஒன்று உண்டு. கொரோட்டிகஸ் என்ற தலைவனின் படைவீரர்கள் அயர்லாந்தில் புகுந்தார்கள். அவர்களும் கிறிஸ்தவர்கள் என்றே சொல்லிக்கொண்டவர்கள். அன்றைக்குத்தான் ஞானஸ்நானம் பெற்று வெள்ளை உடையோடு நின்றவர்களை, நெற்றியில் பூசிய எண்ணெயின் வாசம் போகுமுன் வெட்டினார்கள். மிச்சம் இருந்தவர்களை, பெண்கள் உட்பட, பிடித்துக்கொண்டுபோய் விற்றார்கள்.

பேட்ரிக் முதலில் ஒரு கடிதம் கொடுத்து, தான் சின்ன வயதிலிருந்து வளர்த்த ஒரு குருவை அனுப்பினார். பிடித்தவர்களில் சிலரையாவது திருப்பிக் கொடுங்கள் என்ற கோரிக்கை. அவர்கள் சிரித்து அனுப்பிவிட்டார்கள். அடுத்து எழுதியது பகிரங்கக் கடிதம். அந்த வீரர்களோடு யாரும் உட்கார்ந்து சாப்பிடக் கூடாது, குடிக்கக் கூடாது, அவர்கள் தரும் காணிக்கையைத் தொடக் கூடாது. அழுது மனந்திரும்பி, பிடித்தவர்களை விடுவிக்கும்வரை இந்தத் தடை. இன்னொரு குத்தலும் உண்டு: கால் நாட்டுக் கிறிஸ்தவர்கள் பிராங்குகளிடம் ஆயிரக்கணக்கில் தங்கக் காசு கொடுத்துக் கைதிகளை மீட்கிறார்கள், நீங்களோ சொந்த மதத்தவரையே விற்கிறீர்கள்.

விற்கப்பட்ட பெண்கள் என்ன ஆவார்கள் என்பது ஆறு வருஷம் அடிமையாகக் கிடந்தவருக்குத் தெரியாதா? தன் அறிக்கையிலும் அடிமைப் பெண்களின் பாடுதான் எல்லாவற்றிலும் கொடியது, மிரட்டலையும் பயத்தையும் தாங்கிக்கொண்டு நிற்கிறார்கள் என்று எழுதியிருக்கிறார். மற்றபடி, அடிமை முறையே கூடாது என்று சட்டம் பேசியவராக அவரை ஆக்கிவிட முடியாது. அவர் கேட்டது ஞானஸ்நானம் பெற்ற தன் மக்களுக்காக. ஆனால் அந்தக் காலத்தில் ஒரு ஆயர், ஆயுதம் வைத்திருந்த தலைவனைப் பெயர் சொல்லி இப்படி எழுதியது சாதாரணமில்லை.

சொந்த ஊர்ப் பெரியவர்கள் இதற்கெல்லாம் பாராட்டினார்களா என்றால், இல்லை. 15 வயதுகூட ஆகாதபோது செய்த ஏதோ ஒரு தப்பை ஒரு நண்பனிடம் நம்பிச் சொல்லியிருந்தார். 30 வருஷம் கழித்து அந்த நண்பனே அதை வெளியே சொல்ல, ஆயர் பதவிக்கே தகுதியில்லை என்று பிரிட்டனில் விசாரித்தார்கள். பணம் பார்க்கிறார் என்ற பேச்சும் இருந்தது போல. ஞானஸ்நானத்துக்கு யாரிடமும் அரைக் காசு வாங்கவில்லை, பெண்கள் பீடத்தில் கழற்றி வைத்த நகைகளைக்கூடத் திருப்பிக் கொடுத்தேன் என்று விலாவாரியாகக் கணக்குச் சொல்கிறார். ஊர் ஊராகப் போக அரசர்களுக்கும் நீதிபதிகளுக்கும் தன் கையிலிருந்து கொடுத்ததையும் மறைக்கவில்லை. அவருடைய அறிக்கை பிறந்ததே இந்தக் குற்றச்சாட்டுகளுக்குப் பதிலாகத்தான்.

அவர் இறந்தது 461 என்று ஒரு கணக்கு, 493 என்று இன்னொரு கணக்கு. நாள் மட்டும் மார்ச் 17. பிறகு ஆர்மா நகரத் திருச்சபை அவரைத் தன் நிறுவனராகக் கொண்டாடி, அயர்லாந்துத் திருச்சபைகளுக்கெல்லாம் தானே தலைமை என்று உரிமை கோரியது. 807-ம் ஆண்டு வாக்கில் அங்கே பிரதி எடுக்கப்பட்ட ஆர்மா நூல், இப்போது டப்ளின் டிரினிட்டி கல்லூரியில் இருக்கிறது. பேட்ரிக் எழுதியவற்றின் மிகப் பழைய பிரதி அதில்தான் உள்ளது. ஆனால் பெரியவர்கள் குற்றம் சாட்டிய பகுதிகள் அந்தப் பிரதியில் விடுபட்டுள்ளன. கொரோட்டிகஸின் வீரர்களுக்கு எழுதிய கடிதம் அதில் இல்லவே இல்லை. வேறு மடங்களில் பின்னாளில் எடுத்த பிரதிகளால்தான் அது பிழைத்திருக்கிறது.