ஒலியிழந்த சொற்களைக் காத்தவர்

ஸ்காட்லாந்தில் டென்ஹோம் என்னும் சிற்றூரில் 1837ஆம் ஆண்டு தையற்காரர் ஒருவரின் மகனாகப் பிறந்தவர் ஜேம்ஸ் மர்ரே. பதினான்காம் வயதோடு அவருடைய பள்ளிக் கல்வி முடிந்தது. பின்னர்ப் பெற்ற மொழியறிவெல்லாம் தாமே முயன்று பெற்றது. ஆசிரியராகவும் இலண்டனில் வங்கி எழுத்தராகவும் மீண்டும் ஆசிரியராகவும் இருந்தவரிடம் 1879இல் ஆக்ஸ்போர்டுப் பல்கலைக்கழக அச்சகம் ஆங்கிலப் பேரகராதிப் பணியை ஒப்படைத்தது. பத்தாண்டுகளில் முடிப்பதென்பது ஒப்பந்தம். 1884இல் வெளிவந்த முதற்பகுதியோ எறும்பைக் குறிக்கும் ‘ஆன்ட்’ என்னும் சொல்லோடு நின்றது. முதலெழுத்தே முடிந்தபாடில்லை!

அரிய சொற்களை நடத்திய முறையிலேதான் மர்ரேயின் நேர்மை விளங்குகிறது. அனைத்துலக ஒலிக்குறியீடுகள் தோன்றாத அந்நாளில், சொற்களின் ஒலிப்பைக் காட்டத் தாமே குறியீடுகளை வகுத்தார். ஆயினும் வழக்கொழிந்த சொற்களுக்கு ஒலிப்புத் தருவதை அவருடைய அகராதி தவிர்த்தது. சொல்லின் முன்னே குறுவாள் போன்றதொரு குறி இருக்கும்; பொருளும் வரலாறும் மேற்கோளும் இருக்கும்; ஒலி மட்டும் இராது. எவர் வாயிலும் வழங்காத சொல்லுக்கு ஒலியைக் கற்பித்துக் கூற அவர் துணியவில்லை. ஒரே ஒருமுறை, ஒரு தேவைக்காக மட்டும் புனையப்பட்ட சொற்களுக்குத் தனிப் பெயரே சூட்டி இடமளித்தார். அத்தகைய சொற்களைப் படைப்போர் பெரும்பாலும் கவிஞர்களே. பிரௌனிங் சொற்களை உரிய பொருள் நோக்காமல் ஆள்கிறார் என்ற மனக்குறை மர்ரேக்கு இருந்தது. கவிஞர்கள் அதனைப் பொறுத்துக்கொள்ளத்தான் வேண்டும். அகராதிக்காரரின் துன்பம் அவருக்கல்லவா தெரியும்?

ஆக்ஸ்போர்டில் அவர் வீட்டுத் தோட்டத்தில் பாதி நிலத்துள் அமிழ்ந்திருந்த இரும்புக் கொட்டகையே பணிமனை. ஈரமும் குளிரும் மிக்க அவ்விடத்தில் இலட்சக்கணக்கான சொற்சீட்டுகள் மாடங்களில் அடுக்கப்பட்டிருந்தன. சீட்டுகளை அகரவரிசைப்படுத்த அவருடைய குழந்தைகளும் உதவினர். அவ்வளவு காவலுக்கிடையிலும் அடிமைப்பெண்ணைக் குறிக்கும் ‘பாண்ட்மெய்ட்’ என்ற சொல்லின் சீட்டுகள் காணாமற்போயின. அச்சொல் இன்றியே அப்பகுதி அச்சேறிவிட்டது. தவறு பின்னரே தெரியவந்தது.

1908இல் அரசு அவருக்கு ‘சர்’ பட்டம் வழங்கியது. அவர் உழைத்த ஆக்ஸ்போர்டு மதிப்புறு முனைவர் பட்டம் தர 1914 வரை தாமதித்தது. அடுத்த ஆண்டே அவர் மறைந்தார். அப்பொழுது ‘டி’ எழுத்தின் இறுதிச் சொற்களில் உழைத்துக்கொண்டிருந்தார். அகராதி 1928இல் நிறைவெய்தியது. தவறிய ‘பாண்ட்மெய்ட்’ 1933இல் வெளிவந்த இணைப்புத் தொகுதியில் இடம்பெற்றது.