தோற்போம் என்று தெரிந்தே 36 நாள் போரிட்ட தளபதி: இவோ ஜிமாவின் குரிபயாஷி யார்?

இரண்டாம் உலகப் போர்னு சொன்னதும் பலருக்கும் நினைவுக்கு வரும் ஒரு புகைப்படம் உண்டு. மலை உச்சியில் அமெரிக்க வீரர்கள் ஆறு பேர் சேர்ந்து கொடிக்கம்பத்தை நிமிர்த்தும் படம். 1945 பிப்ரவரி 23 அன்று இவோ ஜிமா தீவில் ஜோ ரோசென்தால் எடுத்தது. பார்த்தால் போரே முடிந்த மாதிரி தோன்றும். ஆனா அது சண்டையின் ஐந்தாவது நாள்தான். அதற்குப் பிறகும் ஒரு மாதத்துக்கு மேல் சண்டை நடந்தது. படத்தில் இருக்கும் ஆறு பேரில் மூன்று பேர் அந்தத் தீவிலேயே இறந்துபோனார்கள்.

சண்டை இவ்வளவு நீண்டதற்கு முக்கியக் காரணம், எதிர்ப்பக்கம் இருந்த ஜப்பானியத் தளபதி ததாமிச்சி குரிபயாஷி. ஜெயிக்க முடியாதுன்னு அவருக்கு முன்பே தெரியும். அப்புறம் ஏன் போரிட்டார்? அதனால் யாருக்கு என்ன கிடைத்தது?

அமெரிக்காவைத் தெரிந்த ராணுவ அதிகாரி

குரிபயாஷி பிறந்தது 1891இல், ஜப்பானின் நாகானோ மாகாணத்தில். சாமுராய் மரபில் வந்த குடும்பம். இளவயதில் பத்திரிகையாளராக ஆசைப்பட்டவர், கடைசியில் ராணுவப் பள்ளியில் சேர்ந்து 1914இல் குதிரைப்படை அதிகாரியாக வெளியே வந்தார்.

1928இல் ராணுவம் அவரை அமெரிக்காவுக்கு அனுப்பியது. இரண்டு ஆண்டுகள் அங்கே இருந்தார். கார் ஓட்டக் கற்றுக்கொண்டு, நாட்டின் பல பகுதிகளைச் சுற்றிப் பார்த்தார். ஊரில் இருந்த மகன் தாரோவுக்கு அப்போது எழுத்துக்கூட்டிப் படிக்கும் வயதுகூட இல்லை. அதனால் பார்த்ததையெல்லாம் படமாக வரைந்து கடிதத்தில் அனுப்பினார் அப்பா.

அந்தப் பயணத்தில் அவர் கவனித்த முக்கியமான விஷயம், அமெரிக்காவின் தொழில் வளம். ஜப்பான் போருக்குப் போகவே கூடாத நாடு அமெரிக்காதான் என்பதை மனைவி யோஷீயிடம் வெளிப்படையாகவே சொல்லியிருக்கிறார்.

ஆனா இதை வைத்து அவரைச் சமாதான விரும்பின்னு முடிவு பண்ணிவிட முடியாது. 1941 டிசம்பரில் ஹாங்காங்கைக் கைப்பற்றிய ஜப்பானின் 23ஆம் ராணுவத்துக்குத் தலைமை அதிகாரியாக, அதாவது தளபதிக்கு அடுத்து திட்டங்களை வகுக்கும் இடத்தில், இருந்தவர் இவர்தான். அந்தச் சண்டையில் ஹாங்காங்கைக் காத்து நின்றவர்களில் ராஜ்புத், பஞ்சாப் படைப்பிரிவுகளின் இந்திய வீரர்களும் இருந்தார்கள். செயின்ட் ஸ்டீபன் கல்லூரியில் இயங்கிய மருத்துவமனையில் ஜப்பானிய வீரர்கள் காயம்பட்டவர்களையும் மருத்துவப் பணியாளர்களையும் கொன்றார்கள். அந்த ராணுவத்தின் தளபதி சகாய் தகாஷிக்குப் போருக்குப் பிறகு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. குரிபயாஷி விசாரணையைச் சந்திக்கும் காலம்வரை உயிரோடு இல்லை.

இந்தக் குட்டித் தீவு எதற்கு?

இவோ ஜிமா என்றால் கந்தகத் தீவு. போர் நடந்த காலத்தில் அதன் பரப்பு சுமார் 20 சதுர கி.மீ. மட்டுமே. டோக்கியோவிலிருந்து சுமார் 1,200 கி.மீ. தெற்கே, பசிபிக் கடலில் இருக்கும் எரிமலைத் தீவு. ஆறு, ஊற்று எதுவும் கிடையாது. மழை பெய்தால்தான் குடிக்கத் தண்ணீர்.

ஆனா அங்கே விமான ஓடுதளங்கள் இருந்தன. 1944 கோடையில் சைபான் உள்ளிட்ட மரியானா தீவுகள் அமெரிக்காவின் கைக்குப் போயின. அங்கிருந்து பி-29 விமானங்கள் டோக்கியோவரை வந்து குண்டு போட முடியும். அந்த வழியின் நடுவில் இருந்தது இவோ ஜிமா. அமெரிக்காவுக்கு அது கிடைத்தால், அடிபட்டு வரும் விமானங்கள் அவசரமாக இறங்கலாம். பாதுகாப்புக்குப் போகும் சிறிய போர் விமானங்களையும் அங்கிருந்து கிளப்பலாம்.

1944 ஜூனில் குரிபயாஷி தீவுக்கு வந்து சேர்ந்தார். அதே மாதம் நடந்த பிலிப்பைன் கடல் சண்டையில் ஜப்பான் கடற்படையின் விமான பலம் நொறுங்கிப் போனது. இனிமேல் காப்பாற்ற யாரும் வரப்போவதில்லை என்பது தெளிவாகிவிட்டது. அந்த நிலையிலும், டோக்கியோ வீட்டுச் சமையலறையில் காற்று புகும் இடைவெளியை அடைக்காமலே வந்துவிட்டதை நினைத்து வருந்தி மனைவிக்குக் கடிதம் எழுதினார்.

மண்ணுக்கு அடியில் ஒரு கோட்டை

வந்ததும் அவர் எடுத்த முதல் முடிவுகளில் ஒன்று, தீவில் வாழ்ந்த சுமார் ஆயிரம் பேரை வெளியேற்றியது. 1944 ஜூலையில் அவர்கள் கப்பலில் ஜப்பானுக்கு அனுப்பப்பட்டார்கள். உள்ளூர் ஆண்கள் சிலரை மட்டும் ராணுவ வேலைக்கு நிறுத்திக்கொண்டார்கள்.

அடுத்தது போர்முறை. எதிரியைக் கடற்கரையிலேயே மடக்க வேண்டும் என்பதுதான் அதுவரை ஜப்பானின் வழக்கம். அது முடியாமல் போனால் எல்லோரும் சேர்ந்து பாய்ந்து உயிரை விடுவார்கள். சைபானில் இப்படித்தான் ஆயிரக்கணக்கானோர் ஒரே நாளில் செத்தார்கள். குரிபயாஷி இந்த இரண்டையும் வேண்டாம் என்றார். எதிரி கரையேறட்டும், நாம் உள்ளே மண்ணுக்கு அடியில் இருந்து அடிப்போம் என்பது அவர் கணக்கு. கடற்படை அதிகாரிகளும் அவருடைய சொந்த அதிகாரிகள் சிலரும் இதை எதிர்த்தார்கள். ஒத்துவராத சிலர் பதவியிலிருந்து மாற்றப்பட்டார்கள்.

அப்புறம் தோண்ட ஆரம்பித்தார்கள். சுமார் 18 கி.மீ. சுரங்கப் பாதைகள். உள்ளே கந்தகப் புகை. எரிமலைச் சூட்டில் சில இடங்களில் வெப்பம் 50 டிகிரி செல்சியஸைத் தொட்டது. ஒரு தடவையில் சில நிமிடங்கள்தான் வேலை செய்ய முடியும். வீரர்களில் பலர் ஊரில் குடும்பம், பிள்ளைகுட்டி என்று இருந்து, கட்டாயமாகப் படைக்கு எடுக்கப்பட்டவர்கள். கொரியாவிலிருந்து கொண்டுவரப்பட்ட தொழிலாளர்களும் இருந்தார்கள். வீரர்களுக்கு என்ன சாப்பாடோ அதைத்தான் தளபதியும் சாப்பிட்டார். கூடவே, ஒவ்வொருவரும் சாவதற்குமுன் எதிரிகள் பத்துப் பேரைக் கொல்ல வேண்டும் என்ற உறுதிமொழியையும் அவர்களிடம் வாங்கினார்.

36 நாட்கள்

1945 பிப்ரவரி 19 காலையில் அமெரிக்க மரைன் படை கரையிறங்கியது. சில நாட்களில் தீவைப் பிடித்துவிடலாம் என்பது அவர்கள் எதிர்பார்ப்பு. முதலில் பெரிய எதிர்ப்பே இல்லை. கரையில் ஆட்களும் வண்டிகளும் நெருக்கியடித்து நிரம்பிய பிறகுதான் குரிபயாஷியின் பீரங்கிகள் பேச ஆரம்பித்தன.

சண்டை மார்ச் 26 வரை, மொத்தம் 36 நாட்கள் நீடித்தது. அமெரிக்கத் தரப்பில் சுமார் 6,800 பேர் இறந்தார்கள். காயமடைந்தவர்களையும் சேர்த்தால் எண்ணிக்கை 26 ஆயிரத்தைத் தொடும். ஜப்பான் தரப்பில் இருந்தது சுமார் 21 ஆயிரம் பேர். தீவு வீழ்ந்ததாக அறிவிக்கப்பட்டபோது கைதிகளாக இருந்தவர்கள் 216 பேர் மட்டுமே. பிறகு குகைகளிலிருந்து இன்னும் சில நூறு பேர் பிடிபட்டார்கள். கடைசி இரண்டு வீரர்கள் வெளியே வந்தது 1949 ஜனவரியில்!

அந்த நாட்கள் யாரைக் காப்பாற்றின?

இங்கேதான் இந்தக் கதையின் வலியான பகுதி வருகிறது. தாங்கள் ஒருநாள் கூடுதலாகத் தாக்குப்பிடித்தால், டோக்கியோவில் இருக்கும் குடும்பங்கள் மீது குண்டு விழுவது ஒருநாள் தள்ளிப்போகும். குரிபயாஷியின் நம்பிக்கை இதுதான். அவருடைய மனைவியும் பிள்ளைகளும்கூட டோக்கியோவில்தான் இருந்தார்கள். நகரைவிட்டு வெளியேறச் சொல்லி வீட்டுக்குத் திரும்பத் திரும்ப எழுதினார்.

ஆனா பி-29 விமானங்கள் அவருக்காகக் காத்திருக்கவில்லை. தீவின் வடக்கில் அவர் இன்னும் போரிட்டுக்கொண்டிருந்தபோதே, மார்ச் 4 அன்று பழுதான முதல் பி-29 இவோ ஜிமாவில் இறங்கிவிட்டது. மார்ச் 9 இரவு மரியானாவிலிருந்து கிளம்பிய கிட்டத்தட்ட 300 விமானங்கள் டோக்கியோவில் தீக்குண்டுகளைக் கொட்டின. ஒரே இரவில் சுமார் ஒரு லட்சம் பேர் இறந்தார்கள். சுரங்கத்துக்குள் தளபதி உயிரோடு இருந்தார். அவர் காக்க நினைத்த நகரம் எரிந்துபோனது.

ஒரே ஒரு வார்த்தை

மார்ச் 16 அன்று குரிபயாஷி தலைமையகத்துக்குக் கடைசித் தந்தியை அனுப்பினார். அதன் முடிவில் அவரே எழுதிய கவிதை ஒன்று இருந்தது. வெடிமருந்து தீர்ந்து, கொடுத்த வேலையை முடிக்காமல் சாவது சோகமானது என்ற பொருளில் எழுதியிருந்தார். பத்திரிகைகளில் அது வெளியானபோது சோகம் என்ற சொல் அங்கே இல்லை. தலைமையகம் அதை எடுத்துவிட்டு, ஆதங்கம் என்ற பொருள் தரும் சொல்லை வைத்துவிட்டது. போரின் நடுவே ஒரு தளபதி சோகப்படக்கூட அனுமதியில்லை.

மார்ச் 17 தேதியிட்டு அவருக்கு ஜெனரல் பதவி உயர்வு கிடைத்தது. மார்ச் 26 அதிகாலையில், மிச்சமிருந்த சில நூறு பேர் சத்தமில்லாமல் வந்து அமெரிக்க முகாம்களைத் தாக்கினார்கள். தளபதியும் அதில் இருந்தார் என்றே பெரும்பாலும் நம்பப்படுகிறது. உடல் கிடைக்கவே இல்லை. 2006இல் கிளின்ட் ஈஸ்ட்வுட் எடுத்த லெட்டர்ஸ் ஃப்ரம் இவோ ஜிமா படத்தில் கென் வாட்டனாபே நடித்தது இவருடைய பாத்திரத்தில்தான்.

இப்போது அந்தத் தீவு?

1968இல் அமெரிக்கா தீவை ஜப்பானிடம் திருப்பிக் கொடுத்தது. இன்று அது ஜப்பான் தற்காப்புப் படையின் தளம். 10 ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஜப்பானியர்களின் எலும்புகள் இன்னும் அந்த மண்ணுக்குள் இருக்கின்றன. தேடும் பணி நடந்துகொண்டே இருக்கிறது.

1944இல் உயிரைக் காப்பாற்றுவதற்காக குரிபயாஷி கப்பல் ஏற்றி அனுப்பிய ஊர் மக்கள்? நினைவு நிகழ்ச்சிகளுக்கு வந்துபோக அவர்களுக்கு அனுமதி உண்டு. திரும்பி வந்து குடியிருக்க மட்டும் இன்றுவரை அனுமதி இல்லை.